ஒரு பென்னியின் வரலாறு

ஒரு பென்னி! பன்னிரண்டு சேர்ந்தால்தான் ஒரு ஷில்லிங். 240 சேர்ந்தால்தான் ஒரு பவுன். அத்துணைச் சிறிய காசு. அந்தக் காசை மறுத்து, ஆயிரமாயிரம் பேர் நாள்தோறும் 18 மைல் நடந்தனர் என்றால் நம்புவீர்களா? ஒருநாள், இருநாள் அல்ல. ஏறத்தாழ மூன்று திங்கள்! கந்தனுக்கு நேர்ந்துகொண்ட நடையா? காசிக்குச் சென்ற நடையா? இல்லை. உழைக்கச் சென்ற நடை. உரிமைக்காக நடந்த நடை.

தென்னாப்பிரிக்காவின் தங்க நகரம் ஜோகன்னஸ்பர்க். அதன் வடகிழக்கே, 9 மைல் தொலைவில் உள்ளது அலெக்சாண்டிரா. நிலத்துக்குரிய வெள்ளையர் அதை வெள்ளையர் குடியிருப்பாக்கவே முயன்றார்; முயற்சி பலிக்கவில்லை. 1912-இல் கறுப்பின மக்களும் மனை வாங்கலாம் என்றாயிற்று. மறு ஆண்டே, 1913-இல், நிலச் சட்டம் வந்தது. நாட்டின் பெரும்பான்மை மக்களாகிய கறுப்பருக்கு நிலத்தில் ஏறத்தாழ நூற்றுக்கு 7 பங்கே என்று விதித்தது. அதற்கு ஓராண்டு முந்திக்கொண்டதால், கறுப்பர் தம் பெயரில் வீடும் மனையும் வைத்திருக்கக்கூடிய மிகச் சில ஊர்களில் ஒன்றாக அலெக்சாண்டிரா நின்றது.

வீடு அங்கே, வேலை நகரிலே. நகரின் மாளிகைகளைத் துடைக்கக் கறுப்புக் கரங்கள் வேண்டும். அந்தக் கரங்களுக்குரியவர் அங்கே குடியிருக்கக் கூடாது! விடியுமுன் வா, பொழுது சாய்ந்தால் போ என்றது வெள்ளையர் ஆட்சி. இடையிலிருந்த 9 மைலைக் கடக்க ஓடியது பஸ். கட்டணம் 4 பென்னி.

1943 ஆகஸ்டில் பஸ் முதலாளிகள் அதை 5 பென்னி ஆக்கினர். மக்கள் ஏறவில்லை, நடந்தனர். 9 நாள் பஸ்கள் வெறுமையாய் ஓடின. பத்தாயிரவர் அணிவகுத்த அந்தப் போராட்டத்தில், அவ்வூரில் முன்னர் குடியிருந்த சட்ட மாணவர் ஒருவரும் நடந்தார். அவர் பெயர் நெல்சன் மண்டேலா. கட்டணம் மீண்டும் 4 பென்னி ஆயிற்று. ஆதிக்கம் ஒரு பாடத்தில் திருந்துமா? 1944 நவம்பரில் மறுபடி உயர்வு; மறுபடி நடை. இம்முறை ஏறத்தாழ 7 வாரம். மீண்டும் நிலைத்தது 4 பென்னி. 1945-இல் பட்கோ என்னும் பஸ் நிறுவனம் உருவாயிற்று.

1957 ஜனவரி 7. பட்கோ 5 பென்னி கேட்டது. போக ஒரு பென்னி, வர ஒரு பென்னி. ஆறு நாளுக்குக் கூடுதலாக ஒரு ஷில்லிங். அரை வயிற்றுக் கூலியில் அது பிள்ளையின் உணவு. "அசிக்வெல்வா!" என்று எழுந்தது முழக்கம். 'நாங்கள் ஏறமாட்டோம்' என்பது பொருள். அலெக்சாண்டிராவிலிருந்து மட்டும் ஏறத்தாழ 15,000 பேர் இருள் விலகுமுன் புறப்பட்டு, லூயி போத்தா சாலை வழியே நகருக்கு நடந்தனர். கட்டணம் உயராத மொரோக்கா, ஜபாவு பகுதி மக்களும் தோழமைக்காகப் பஸ்ஸைப் புறக்கணித்தனர்.

இதற்கு மூன்று வாரத்துக்கும் குறைவான காலத்துக்கு முன்புதான், அமெரிக்காவின் மாண்ட்கமரி நகரில் 381 நாள் நடந்த பஸ் புறக்கணிப்பு வெற்றியில் முடிந்திருந்தது. அங்கே, 'கறுப்பர் எந்த இருக்கையில் அமர்வது?' என்பது கேள்வி. இங்கோ, பஸ்ஸே கறுப்பருக்கென்று ஒதுக்கப்பட்டது. 'எங்களைத் தொலைவில் தள்ளியவர் இருக்க, தள்ளியதற்கு நாங்களா கூலி கொடுப்பது?' என்பது கேள்வி.

அரசு சீறியது. பணியமாட்டோம் என்றார் போக்குவரத்து அமைச்சர். நடந்து களைத்தோரைக் கருணையுடன் ஏற்றிச் சென்ற கார்களைப் போலீசார் மறித்தனர். அனுமதிச் சீட்டு எங்கே என்று நடந்தோரை அதட்டினர். மிதிவண்டிச் சக்கரங்களின் காற்றையும் பிடுங்கிவிட்டனர்! காற்றைப் பிடுங்க முடிந்தது. கால்களை என் செய்வது?

முடிவில் வணிகர்களே வழி தேடினர். நகரின் வணிகர் மன்றம் 25,000 பவுன் நிதி ஒதுக்கியது. 5 பென்னிச் சீட்டை மக்கள் 4 பென்னிக்கு வாங்கினர்; மீதியை நிதி ஈடுகட்டியது. ஏப்ரலில் மக்கள் பஸ் ஏறினர். அதே 1957-இல் வந்த சட்டம், அந்தச் சுமையை வேலை வாங்குவோர் தலையில் வரியாக வைத்தது. பணியமாட்டோம் என்ற அரசே, உழைப்பவனைத் தொலைவில் வைத்ததன் செலவு உழைப்பவனைச் சேர்ந்ததன்று என்று எழுதிக்கொடுத்தது! துப்பாக்கி ஏந்தாமல், கணக்குக் கேட்டே பெற்ற வெற்றி.

ஆயினும், தோழர்களே, வெற்றியின் எல்லையையும் பகுத்தறிவு அளந்தாக வேண்டும். பென்னி குறைந்தது, மைல் குறைந்ததா? இல்லை. நிறவெறி ஆட்சி 1994-இல் வீழ்ந்தது. இன்றும் அலெக்சாண்டிராவின் நெருக்கடியான குடியிருப்புகளுக்கு அருகிலேயே, சாண்டன் என்னும் செல்வர் பகுதி வானளாவி நிற்கிறது. சட்டம் போட்ட கோட்டைச் சட்டம் அழித்தாலும், மண்ணில் பதிந்த கோடு எளிதில் அழிவதில்லை.

அந்த 9 மைல் இயற்கை வகுத்ததன்று, தலையில் எழுதியதுமன்று. மனிதர் வகுத்தது, ஆதலால் மனிதர் மாற்றக்கூடியது. ஊருக்கு வெளியே சேரி ஏன் என்று கேட்டுப் பழகிய நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. கட்டணம் எவ்வளவு என்று கேட்பது முதற்கேள்வி. தொலைவை உண்டாக்கியவன் யார் என்று கேட்பது முடிவான கேள்வி. அலெக்சாண்டிரா மக்கள் முதற்கேள்விக்குத் தங்கள் கால்களால் விடை எழுதினர். அடுத்த கேள்வியை நமக்கும் சேர்த்தே விட்டுச் சென்றிருக்கின்றனர்.