காணி சுவீகரிப்பும் நட்டஈடும்: ஊவாத் தோட்டங்கள் பற்றிய ஒரு நோக்கு

ஊவாவில் அரசு காணி எடுத்த வரலாறு நட்டஈட்டுடன் தொடங்கவில்லை. 1840ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், காடும் தரிசும் பயிரிடப்படாத நிலமும், மறுதலை நிறுவப்படும்வரை, முடிக்கே உரியன எனக் கொண்டது. கண்டி இராச்சியத்தைச் சேர்ந்திருந்த பகுதிகளில் சேனை நிலத்துக்கு உரிமை கோரியவன் சன்னசு முதலிய சான்றுகளைக் காட்டவேண்டியிருந்தது. சில ஆண்டுகளுக்கு ஒருமுறை விதைத்து, பின்பு காடாக விடப்பட்ட சேனைக்கு எத்தனை கிராமத்தவரிடம் ஓலை இருந்திருக்கும்? முடிக்குரிய நிலம் 1844 வரை ஏக்கர் 5 சிலிங்குக்கும், பின்னர் ஆகக் குறைந்தது 20 சிலிங்குக்கும் விற்கப்பட்டது. வாங்கியவர் கோப்பித் துரைமார். நிலத்தை இழந்த கிராமத்தவனுக்கு விலை கிடைக்கவில்லை. சட்டத்தின் கண்ணில் அவன் எதையும் இழந்தவனல்லன்.

விலை மதிப்பு முறையாக வகுக்கப்பட்ட நிலையை 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டத்திற் காணலாம். விற்க விரும்பும் ஒருவன் திறந்த சந்தையில் தன் காணியை விற்றால் என்ன பெறுவானோ அதுவே சந்தைப் பெறுமதி; 7ஆம் பிரிவின்கீழ் அறிவித்தல் வெளியிடப்பட்ட நாளே அதற்குரிய நாள். உரிமை கோருவோர் விசாரணைக்கு வரலாம். மதிப்பீட்டை ஏற்காதோர் மீளாய்வுச் சபைக்கும், அதன்மேல் நீதிமன்றத்துக்கும் செல்லலாம். நேர்மையான ஏற்பாடு என்றே சொல்லவேண்டும். ஆயின், வாசலில் நிற்க யாருக்கு அனுமதி என்பதே வினா. காணியில் உரித்துடையோர் என்னும் தொடருக்கு வரைவிலக்கணம் கூறும் அச்சட்டம் உரிமையாளர், பங்குரிமையாளர், ஈடு பிடித்தவர், குத்தகைக்காரர் முதலியோரைச் சேர்த்து, மாத வாடகைக்கு இருப்பவனை வெளிப்படையாக விலக்குகின்றது. வாடகை செலுத்துபவனுக்கே இந்நிலை. லயத்தில் வாழும் தொழிலாளி வாடகையும் செலுத்தாதவன். வேலை உள்ளவரை அறையும் உண்டு என்பதே அவனுடைய குடியிருப்பின் அடிப்படை. பசறையிலோ தெமோதரையிலோ மூன்று தலைமுறையாக ஒரே லயத்தில் வாழ்ந்த குடும்பம் வாசலில் வைத்த பலாமரமும், பின்புறத்து மரக்கறிப் பாத்தியும், கட்டிய மாட்டுப்பட்டியும் மதிப்பீட்டில் இடம்பெறுமாயின், அவை காணிக்காரனின் கணக்கிலேயே சேரும்.

இவ்வுண்மை 1975இல் பெரிய அளவில் வெளிப்பட்டது. 1972ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கக் காணிச் சீர்திருத்தச் சட்டம் தனியாருக்கு 50 ஏக்கர் (நெற்காணியாயின் 25 ஏக்கர்) என உச்சவரம்பு விதித்தது. 1975ஆம் ஆண்டின் 39ஆம் இலக்கத் திருத்தச் சட்டம் கம்பெனித் தோட்டங்களையும் அரசுடைமையாக்கியது. இரண்டாலும் கைமாறியவை ஏறத்தாழ 9,80,000 ஏக்கர். ஸ்ரேலிங் கம்பெனிகளுக்கும் ரூபாய்க் கம்பெனிகளுக்கும் நட்டஈடு உண்டு எனச் சட்டம் ஏற்றுக்கொண்டது. இலண்டனில் இருந்த பங்குதாரனின் இழப்பு எண்ணத்தக்கது. அப்புத்தளை மலையில் கொழுந்து பறித்தவளின் இழப்பு எண்ணப்படவில்லை. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கச் சட்டத்தாற் குடியுரிமை இழந்தவர்களுள் 5,25,000 பேர் 1964ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி இந்தியாவுக்கு அனுப்பப்படவேண்டியவராயிருந்தனர். அவ்வாறு புறப்பட்டவர் சேமலாப நிதிப் பணத்தைக் கையிற் கொண்டு சென்றனர். லயத்து மரத்துக்கு எவரும் விலை கேட்கவில்லை.

அரசுடைமையின் மற்றொரு விளைவு அதிகம் பேசப்படுவதில்லை. 1992இல் நிர்வாகம் தனியார் கம்பெனிகளிடம் சென்றபோதும் காணி அரசுடையதாகவே நின்றது. தன் காணியை அரசு சுவீகரிக்கவேண்டியதில்லை. எனவே 7ஆம் பிரிவு அறிவித்தலும் இல்லை, விசாரணையும் இல்லை. முன்னர் வாசலுக்கு வெளியே நின்றவனுக்கு இப்பொழுது வாசலே இல்லை. பத்திரமற்றோருக்கும் நட்டஈடு வேண்டும் என 2001ஆம் ஆண்டின் தேசிய மீள்குடியேற்றக் கொள்கை கூறியது. எனினும் கொள்கை சட்டமன்று.

2014 ஒக்டோபர் 29ஆந் திகதி கொஸ்லந்தை மீரியபெத்தையில் மண் சரிந்து லயங்களை மூடியது. பின்னர் மக்கல்தெனியவில் 75 வீடுகள் கட்டிக் கொடுக்கப்பட்டன. அவை நிவாரணமாக வழங்கப்பட்டவை. புதையுண்ட அறைகளுக்கு உரிமையாளர் என்ற நிலையில் நட்டஈடு கோர அங்கு வாழ்ந்த எவரிடமும் பத்திரம் இருக்கவில்லை.