வகுத்தலும் காத்தலும்: ஐக்கிய அமெரிக்காவின் மீட்சிச் செலவும் அதன் மேற்பார்வையும்

பொருள் வரும் வழிகளை ஆக்குதல், வந்ததைச் சேர்த்தல், சேர்த்ததைப் பேணுதல், பேணியதை உரியவாறு பகிர்ந்தளித்தல் என்னும் நான்கிலும் வல்லதே அரசு என்பது வள்ளுவர் கருத்து. இவற்றுள் ஈற்றிலுள்ள இரண்டும் ஒன்றோடொன்று முரணும் காலங்கள் உண்டு. தொழில் முடங்கி, மக்கள் வேலையிழந்து வாடும்போது, அரசு தன் பண்டாரத்தைத் திறந்து விரைந்து வழங்க வேண்டியதாகின்றது. விரைந்து வழங்கினால் காவல் தளரும். காவலை இறுக்கினால் வழங்கல் தாமதமாகும். இவ்விக்கட்டினை ஐக்கிய அமெரிக்கா 1933, 2009, 2020 ஆகிய ஆண்டுகளில் எதிர்கொண்டது. அம்மூன்று வேளைகளையும் ஒப்புநோக்கின், பொதுப்பணத்தைக் காக்கும் முறை எவ்வாறு வளர்ந்தது, எவ்விடத்துச் சறுக்கியது என்பன புலனாகும்.

1929 ஆம் ஆண்டு ஒக்ரோபரில் நியூயோர்க்கின் பங்குச் சந்தை வீழ்ந்தது. அதனைத் தொடர்ந்த பெருமந்தம் வங்கிகளையும் தொழிற்சாலைகளையும் ஒருங்கே சாய்த்தது. 1933 மார்ச் 4 ஆந் திகதி பிராங்கிளின் ரூஸ்வெல்ற் ஜனாதிபதியாகப் பதவியேற்றபோது, உழைக்கத்தக்கோருள் ஏறக்குறைய நால்வருக்கொருவர் வேலையற்றிருந்தனர். அவ்வாண்டு யூன் 16 இல் நிறைவேறிய தேசியக் கைத்தொழில் மீட்சிச் சட்டம், பொது வேலைகளுக்கென 330 கோடி டொலரை ஒதுக்கியது. அதனைச் செலவிடும் பொறுப்பு, பொதுவேலை நிருவாகம் என்னும் புதிய தாபனத்தின் தலைவராக நியமிக்கப்பெற்ற உள்நாட்டுத் திணைக்களச் செயலாளர் ஹரோல்ட் இக்கிஸ் என்பாரிடம் ஒப்படைக்கப்பட்டது.

இக்கிஸ் பொறுப்பேற்றிருந்த திணைக்களத்திற்கு ஒரு பெருங் களங்கம் இருந்தது. அவருக்கு முன் அதே ஆசனத்தில் அமர்ந்திருந்த அல்பேட் போல், கடற்படைக்குரிய எண்ணெய் நிலங்களைத் தனியாருக்குக் குத்தகைக்குக் கொடுத்து இலஞ்சம் பெற்றமைக்காக 1929 இல் குற்றவாளியாகக் காணப்பட்டுப் பின்னர் சிறை சென்றார். ஜனாதிபதியின் அமைச்சரவையிலிருந்த ஒருவர் பதவிக்காலக் குற்றத்துக்காகச் சிறை புகுந்தது அந்நாட்டில் அதுவே முதன்முறையாகும். அத்தகைய இழுக்கு மீண்டும் நேரலாகாது என்பதில் இக்கிஸ் உறுதியாயிருந்தார். விசாரணைப் பிரிவின் தலைவராக அவர் தெரிந்தெடுத்த லூயிஸ் கிளாவிஸ், 1909 இல் அலஸ்காவின் நிலக்கரி நிலங்கள் தொடர்பாகத் தம் செயலாளர் மீதே குற்றஞ்சாட்டிப் பதவியிழந்தவர். மேலதிகாரிக்கு அஞ்சாதவர் என்பதே அவர்தம் தகுதி.

இந்நிருவாகத்திற்கு வந்த ஒவ்வொரு விண்ணப்பமும் சட்டம், பொறியியல், நிதி என்னும் மூவகைப் பரிசோதனைக்கும் உட்பட்டது. ஒப்பந்தங்களை இக்கிஸ் தாமே துருவி ஆராய்ந்தார். இதன் பயனாக எழுந்த பாலங்களும் அணைகளும் பள்ளிக்கூடங்களும் பல தலைமுறைக்கு நின்று பயன்பட்டன. செலவின் அளவை நோக்க, ஊழல் மிக அரிதாகவே இருந்தது. ஆயின், பட்டினி கிடப்போன் பரிசோதனை முடியுமட்டும் காத்திருத்தல் இயலுமா? 1933 இன் இலையுதிர்காலம் வந்தும் ஒதுக்கிய பணத்தின் பெரும்பகுதி தொழிலாளர் கைக்கு எட்டவில்லை. குளிர்காலமோ நெருங்கிக்கொண்டிருந்தது.

இந்நிலையில் ரூஸ்வெல்ற் 1933 நவம்பரில், இக்கிஸின் ஒதுக்கீட்டிலிருந்தே 40 கோடி டொலரை எடுத்து, ஹரி ஹொப்கின்ஸ் என்பாரிடம் கொடுத்தார். சமூக சேவையில் பழுத்த ஹொப்கின்ஸ், இக்கிஸுக்கு முற்றிலும் மாறான இயல்பினர். அவர் அமைத்த குடிசார் வேலை நிருவாகம், 1934 சனவரியின் நடுப்பகுதிக்குள் 40 இலட்சத்துக்கு மேற்பட்டோரை வேலைக்கு அமர்த்தியது. தெருக்கள் திருத்தப்பட்டன, பள்ளிகள் புதுக்கப்பட்டன, குடும்பங்கள் அக்குளிர்காலத்தைக் கடந்தன. உடன் முறைப்பாடுகளும் எழுந்தன. செலவு பெருகுதலையும் அரசியல் தலையீட்டையும் அஞ்சிய ஜனாதிபதி, அவ்வேற்பாட்டினை வசந்தகாலத்தோடு முடித்துவிட்டார்.

1935 இல் ஹொப்கின்ஸின் தலைமையிலேயே தொழில் முன்னேற்ற நிருவாகம் தோன்றியது. 1943 வரை நிலைத்த அது, ஏறக்குறைய 85 இலட்சம் மக்களுக்கு வேலை அளித்தது. ஆயின் வேலை கொடுக்கும் கை வாக்குக் கேட்கும் கையாகவும் மாறும் அபாயம் அங்கே வெளிப்பட்டது. 1938 ஆம் ஆண்டுத் தேர்தற் காலத்தில், கென்ரக்கி முதலிய மாநிலங்களில் நிவாரணத் தொழிலாளர் குறித்த வேட்பாளரை ஆதரிக்குமாறு நெருக்கப்பட்டனர் என்ற குற்றச்சாட்டுகளைச் செனற் சபையின் குழுவொன்று ஆராய்ந்தது. அதன் விளைவாக 1939 இல் ஹச் சட்டம் பிறந்தது. நிவாரணப் பணத்தைக் காட்டி வாக்காளரை அச்சுறுத்தலும், கூட்டாட்சி அரசின் ஊழியர் தேர்தற் பிரசாரத்தில் ஈடுபடலும் அதனால் தடுக்கப்பட்டன. திருட்டு ஒன்றே பொதுப்பணத்திற்குப் பகையன்று என்பதும், கணக்குப் புத்தகத்தில் ஒரு சதமும் குறையாமலே மக்களின் உரிமை களவு போகலாம் என்பதும் இதனாற் பெறப்படும்.

காவலர்பால் ஆட்சியாளர் கொண்ட மனப்பாங்கும் இங்குக் குறிக்கத்தக்கது. 1921 ஆம் ஆண்டுச் சட்டத்தாற் பொதுக் கணக்காய்வு அலுவலகம் நிறுவப்பட்டபோது, அதன் தலைவருக்குப் பதினைந்து ஆண்டுப் பதவிக்காலம் வழங்கப்பட்டது. ஜனாதிபதி தம் விருப்பப்படி அவரை நீக்கல் இயலாது. முதற்றலைவராகிய ஜோன் மக்கார்ல், புதிய அரசின் செலவுகள் பலவற்றைச் சட்டத்துக்கு மாறானவை என மறுத்தார். 1936 இல் அவர் ஓய்வு பெற்றபின், 1939 வரை நிரந்தரத் தலைவர் எவரையும் ரூஸ்வெல்ற் நியமிக்கவில்லை. ஏழைகளின்பால் மெய்யான இரக்கங் கொண்ட ஆட்சியாளருக்குங்கூடக் கணக்குக் கேட்போர் இடையூறாகவே தோன்றினர்.

ஏழு தசாப்தங்களின் பின், 2008 இல் வெடித்த நிதி நெருக்கடி மீண்டும் அதே வினாவை எழுப்பியது. 2009 பெப்ரவரி 17 இல் ஜனாதிபதி பராக் ஒபாமா கைச்சாத்திட்ட மீட்சி மறுமுதலீட்டுச் சட்டத்தின் மதிப்பீடு 78,700 கோடி டொலராகும். இடைக்காலத்தில், 1978 இன் சட்டமொன்றினால், முதன்மைத் திணைக்களங்கள் பலவற்றுக்குப் பரிசோதகர் நாயகம் ஒருவர் வாய்த்திருந்தார். புதிய சட்டம் அவர்களுட் பன்னிருவரை ஒன்றுசேர்த்து, மீட்சிப் பொறுப்புடைமைச் சபை என ஒரு சபையை ஆக்கிற்று. அதன் தலைவராக அமர்ந்த ஏர்ல் டெவானி, உள்நாட்டுத் திணைக்களத்தின் பரிசோதகர் நாயகமாயிருந்தவர். போலின் களங்கமும் இக்கிஸின் கண்டிப்பும் கண்ட அதே திணைக்களம், 2009 இலும் காவலர் ஒருவரைத் தந்தமை வரலாற்றின் ஒரு விந்தையெனலாம்.

இச்சட்டத்தின் புதுமை யாதெனின், காவலைச் செலவுக்கு முன்னும் பின்னும் அன்றிச் செலவோடு உடனிகழ வைத்தமையாகும். மானியமும் ஒப்பந்தமும் கடனும் பெற்றோர், ஒவ்வொரு காலாண்டும் முடிந்த பத்து நாட்களுள், பெற்ற தொகையையும் உண்டான வேலைகளையும் அறிவித்தல் வேண்டும். அவ்வறிக்கைகள் எவரும் காணத்தக்கவாறு இணையத்தளத்தில் வெளியிடப்பட்டன. கணக்காய்வு அலுவலகம் பதினாறு மாநிலங்களையும் தலைநகர் மாவட்டத்தையும் தெரிந்தெடுத்துத் தொடர்ந்து ஆராய்ந்தது.

முதலறிக்கைகள் 2009 ஒக்ரோபர் இறுதியில் வெளிவந்தபோது பெரும் நகைப்புக்கு இடமாயிற்று. 6,40,329 வேலைகள் உண்டாயின அல்லது காக்கப்பட்டன என அவை கூறின. ஆயின் இல்லாத தேர்தற் றொகுதிகளுக்குப் பணம் சென்றதாகப் பதிவுகள் இருந்ததைப் பத்திரிகையாளர் கண்டுபிடித்தனர். ஊதிய உயர்வு கொடுத்ததையே வேலை காத்ததாக எண்ணிக் கணக்கிட்டோரும் இருந்தனர். ஒரு டொலரேனும் பெறாத, செலவிடாத திட்டங்களின்கீழ் 50,000 க்கு மேற்பட்ட வேலைகள் காட்டப்பட்டிருந்ததைக் கணக்காய்வு அலுவலகம் எடுத்துக்காட்டியது. எதிர்க்கட்சியினர் இவற்றைக் கொண்டு திட்டம் முழுவதையும் பழித்தனர்.

எனினும் ஆழ்ந்து நோக்குவார்க்கு வேறொன்று தோன்றும். அப்பிழைகள் வெளிப்பட்டமைக்குக் காரணம், கணக்கு மக்கள் முன் விரித்து வைக்கப்பட்டிருந்தமையே. 1933 இன் கணக்குகளில் இவை போன்ற பிழைகள் இருந்திருப்பின், அவற்றைக் காணும் வாய்ப்புப் பொதுமக்களுக்கு இருந்திராது. அவ்வாண்டு திசெம்பரிலேயே வேலைகளைக் கணக்கிடும் முறை திருத்தப்பட்டது. அன்றியும், நேர்மையின்மை வேறு, தோல்வி வேறு, எழுத்துப் பிழை வேறு. இம்மூன்றையும் ஒன்றெனக் கொள்ளும் பார்வை மேற்பார்வையாகாது. சபையின் தொடக்க ஒதுக்கீடு 8 கோடியே 40 இலட்சம் டொலர். காக்கப்பட்ட தொகையில் ஏறக்குறைய பத்தாயிரத்தில் ஒரு பங்கு. 2015 இல் அச்சபை முடிவுற்றபோது, மோசடி தொடக்கத்தில் அஞ்சப்பட்டதினும் மிகக் குறைவென்பதே பொதுவான முடிபாயிருந்தது.

இவ்வநுபவத்தைப் பெற்ற நாடு, 2020 இல் அதனை முற்றாகக் கைக்கொள்ளவில்லை. கொரோனாத் தொற்று பரவிய வேளை, மார்ச் 27 இல் நிறைவேறிய சட்டம் ஏறத்தாழ 2,20,000 கோடி டொலரை ஒதுக்கியது. டெவானியின் சபையை முன்மாதிரியாகக் கொண்ட குழுவொன்றும் அமைக்கப்பட்டது. அதன் தலைவராகப் பரிசோதகர் நாயகங்களால் தெரிந்தெடுக்கப்பட்ட கிளென் பைன், ஜனாதிபதி டொனால்ட் ட்ரம்பின் செயலால் ஏப்பிரல் தொடக்கத்திலேயே அப்பதவிக்குரிய தகுதியை இழந்தார். பின்னர் மைக்கேல் ஹொரோவிற்ஸ் தலைமை ஏற்றார். அதற்கிடையிற் பணம் பாய்ந்துகொண்டிருந்தது. சிறு தொழில்களுக்கான கடனைக் கோருவோர் தம் தகுதியைத் தாமே உறுதிப்படுத்தினாற் போதுமெனப் பெரும்பாலும் விடப்பட்டது.

பல நிறுவனங்கள் அதனாற் பிழைத்தன. இதனை மறுத்தல் முறையன்று. ஆயினும் சிறுதொழில் நிருவாகத்தின் பரிசோதகர் நாயகம் 2023 யூனில் வெளியிட்ட அறிக்கை, மோசடியாயிருக்கக்கூடிய கடன்கள் 20,000 கோடி டொலருக்கு மேற்பட்டவை என மதிப்பிட்டது. நிருவாகமோ அதனை ஏற்காது, மோசடி 3,600 கோடி அளவினதே என்றது. குறைந்த தொகையைக் கொள்ளினும், அது 1933 இல் இக்கிஸிடம் ஒப்படைக்கப்பட்டதைப்போற் பத்து மடங்கினும் மிகுதியாகும். விலைவாசி வேறுபாட்டினைக் கருதினும் சிறிதன்று. வழக்குத் தொடுத்தற்குரிய கால எல்லையை 2022 இல் பத்தாண்டாக நீட்ட நேர்ந்தது.

2009 இன் பணத்திற் பெரும்பங்கு மாநில அரசுகளின் வழியாகவும் வரிக்குறைப்பாகவும் பழகிய வாய்க்கால்களிற் சென்றது. 2020 இன் பணமோ எண்ணிறந்த தனியாரிடம் நேரே சென்றது. ஆதலின் இரண்டையும் ஒரே தராசில் நிறுத்தல் முழு நீதியாகாது. எனினும் அணையைத் திறந்தபின் கரை கட்டத் தொடங்குவோன் இழப்பது நீர் மட்டுமன்று, உழவரின் நம்பிக்கையுமாம் என்பது தெளிவு.

இக்கிஸ் காத்தார், வகுக்கத் தாமதித்தார். ஹொப்கின்ஸ் வகுத்தார், காவலின் குறையை அரசியல்வாதிகள் பயன்படுத்தினர். டெவானியின் காலத்திலே இரண்டும் ஓரளவு உடன் நடந்தன. அதற்குக் காரணம் காவலர் முன்னரே நியமிக்கப்பட்டதும், கணக்கு வெளிப்படையாய் இருந்ததும், காவலரை எவரும் இடைநடுவில் அகற்றாததுமே. பெருஞ் செலவு செய்யும் அரசு எதுவாயினும், அது நல்லெண்ணம் உடையதாயினுங்கூட, தன்னைக் கணக்குக் கேட்போரைத் தானே அமர்த்திப் பின்னர் அவர்களைப் பொறுத்துக்கொள்ளுதல் வேண்டும். அமர்த்துதல் ஒரு சட்டத்தால் ஆகும். பொறுத்துக்கொள்ளுதலோ ஆட்சியாளரின் பண்பையும், அதனை விழித்திருந்து கேட்கும் குடிமக்களையும் பொறுத்தது.