காவல்துறைப் பாதுகாப்பு ஆணை

சொத்துத் தகராறில் சிக்கிய கடையோ ஆலையோ தடையின்றி இயங்கக் காவல்துறை துணைநிற்க வேண்டுமென நீதிமன்றம் இடும் கட்டளை. எடுத்துக்காட்டாக, நூற்பாலைகளும் மருத்துவத் துணி நெசவும் மிகுந்த இராஜபாளையத்தில் எழும் இத்தகைய தகராறுகள், ஸ்ரீவில்லிபுத்தூரில் அமைந்த விருதுநகர் மாவட்ட நீதிமன்றத்தின் எல்லைக்குள் வருகின்றன. சொத்தின் அனுபவத்தில் குறுக்கிடக் கூடாதென உரிமையியல் நீதிமன்றம் வழங்கும் உறுத்துக்கட்டளையை, அதாவது தடையாணையை, மீறி எதிர்த்தரப்பினர் கடைக்குப் பூட்டுப் போட்டால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 151ஆம் பிரிவின்கீழ் அதே நீதிமன்றத்தில் காவல் உதவி கோரலாம்.

அரசமைப்பின் 226ஆம் உறுப்பின்படி, 2004 முதல் இயங்கும் உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் நேரே நீதிப்பேராணை கேட்போரும் உண்டு; எனினும் முடிவாகாத சொத்துரிமையைப் பாதுகாப்பு மனுவின் போர்வையில் நிலைநாட்டிக்கொள்ள இயலாதென உச்சநீதிமன்றம் 2006இல் முரளிதரன் வழக்கில் தெளிவாக்கியது. வலுக்கட்டாயமாக வெளியேற்றப்பட்டவர் அனுபவத்தை மீட்க, 1963ஆம் ஆண்டுக் குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டத்தின் 6ஆம் பிரிவின்கீழ் ஆறு மாதங்களுக்குள் வழக்கிட வேண்டும்.