நீருக்குள் போன ஊரும் முன்னோக்கி ஓடிய கடிகாரமும்



வெள்ளிக்கிழமைகளில் சூரா கஹ்ஃப் ஓதுகிறோம். குகைக்குள் உறங்கி எழுந்த இளைஞர்களுக்கு 309 வருடங்கள் ஒரு நாளைப் போலக் கழிந்துவிட்டன. (சூரியக் கணக்கில் 300, சந்திரக் கணக்கில் 309. கணித பாடத்தில் பிள்ளைகளுக்குக் கொடுக்க அருமையான பயிற்சி.) இதைப் படித்த வகுப்பில் ஒரு பிள்ளை, "நேரம் அப்படி மாறி ஓடுற இடம் இப்பவும் இருக்கா?" என்று கேட்டது. நமக்குத் தெரிந்து ஒன்று இருக்கிறது. கண்டியில் மஹியங்கனை பஸ்ஸில் ஏறி, திகன தாண்டி தெல்தெனியவில் இறங்கினால் போதும்.

முதலில் கொஞ்சம் பின்னால் போவோம். 1660 முதல் 1679 வரை கண்டி இராச்சியத்தில் கைதியாக இருந்த ரொபர்ட் நொக்ஸ், நமது மலைநாட்டு மக்கள் நேரத்தைக் கணித்த விதத்தை எழுதி வைத்திருக்கிறார். பகலுக்கு 30 நாழிகை, இரவுக்கு 30 நாழிகை. சாதாரண மக்களிடம் கருவி எதுவும் இல்லை, உத்தேசம்தான். மாலை நான்கு மணியளவில் விரியும் ஒரு பூவைப் பார்த்தும் நேரம் சொல்வார்களாம். நமது வேலியோரத்து அந்திமந்தாரையை நினைத்துக்கொள்ளுங்கள். மன்னரிடம் மட்டும் ஒரு செப்புக் கிண்ணம் இருந்தது. அடியில் ஊசித்துளை. தண்ணீர்ப் பானையில் அதை மிதக்க விடுவார்கள். நீர் மெல்ல ஏறி, கிண்ணம் மூழ்கினால் ஒரு நாழிகை. எடுத்துக் கொட்டிவிட்டு மறுபடி மிதக்க விடுவார்கள்.

ஆக, கண்டியில் நேரத்தை ஆண்டது தண்ணீர். அது அந்தக் காலத்தோடு முடிந்துவிட்டது என்றுதான் நாமும் நினைத்திருந்தோம்.

இனி தெல்தெனிய. மகாவலியை மறித்துக் கட்டிய விக்டோரியா அணை 122 மீற்றர் உயரம், 520 மீற்றர் நீளம். அதன் மின்நிலையத்தின் கொள்ளளவு 210 மெகாவொட். பிரித்தானிய உதவியோடு கட்டப்பட்டு, 1985 ஏப்ரலில் மார்கரெட் தட்சர் வந்து திறந்துவைத்தார். விழாப் படங்களில் தெரியாத விடயம் ஒன்று உண்டு. அதற்கு முன்பே நீர் நிறைந்து பழைய தெல்தெனிய நகரம் உள்ளே போய்விட்டது. வயல், தோட்டம், கடைத்தெரு எல்லாம் போயின. ஏறத்தாழ 30,000 பேர் இடம்பெயர்ந்தார்கள். சிலருக்கு மேட்டில் புதிய நகரம் கிடைத்தது. சிலர் மகாவலி குடியேற்றங்களுக்குப் போனார்கள். பக்கத்துப் பக்கத்து வீடுகளில் வாழ்ந்த சிங்களவர், முஸ்லிம்கள், தமிழர் எல்லோருக்கும் அந்தத் தண்ணீர் ஒன்றுதான்.

கடும் வரட்சி வந்து நீர் மட்டம் இறங்கும்போது அந்த ஊர் வெளியே வருகிறது. பழைய வீதி தெரியும். சுவர்த் துண்டுகளும் கட்டட அடித்தளங்களும் சேறு காய்ந்து நிற்கும். சனம் பார்க்கப் போகும். இளம் பிள்ளைகள் செல்ஃபி எடுப்பார்கள், வயதானவர்கள் கையை நீட்டி இது இன்னாருடைய கடை, இது வாடிவீட்டுப் பக்கம் என்பார்கள். மழை பெய்தால் மறுபடி மூடிக்கொள்ளும். இது வெறும் நீர்த்தேக்க இடிபாடு என்று சிலர் சொல்லலாம். ஆனால் நாற்பது வருடத்துக்கு முந்திய ஒரு தெரு, நாள் குறிக்காமல் வந்துவிட்டுப் போவதை வேறு எப்படிச் சொல்வது?

வரட்சி பழையதை வெளியே கொண்டுவருவதோடு நிற்கவில்லை. ஒருமுறை நாட்டின் கடிகாரத்தையே முன்னால் தள்ளியது. 1996இல் மழை பொய்த்து நீர்த்தேக்கங்கள் வற்றின. அன்று மின்சாரத்தில் பெரும்பங்கு நீர்மின் நிலையங்களிலிருந்தே வந்தது. மின்வெட்டோ மின்வெட்டு. வெளிச்சம் இருக்கும்போதே மாலை வேலைகள் முடிந்தால் பல்பு எரியும் நேரம் குறையும் என்று கணக்குப் போட்டு, மே 25ஆம் திகதி கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே வைத்தார்கள். ஒக்டோபரில் அரை மணித்தியாலத்தைத் திருப்பித் தந்தார்கள். மீதி அரை மணித்தியாலம் பத்து வருடம் நம்மோடு இருந்தது. வடக்கில் புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதிகளில் பழைய நேரமே தொடர்ந்தது. ஒரே தீவில் இரண்டு நேரம்.

முப்பதைத் தாண்டிய நமக்கெல்லாம் இது நினைவிருக்கும். அந்த வருடம் ஜூனில் கண்டியில் மஹ்ரிப் ஏழு இருபதைத் தாண்டியது. ளுஹர் ஒரு மணிக்குப் பிறகு. 1997 ஜனவரி நோன்பில் சூரியன் உதிக்க ஏழு மணியாகப் போகும், ஏழரைக்குப் பாடசாலை. தூரத்துப் பிள்ளைகள் இருட்டிலேயே வீட்டை விட்டு இறங்கினார்கள். வீடுகளில் "புது நேரமா, பழைய நேரமா?" என்று கேட்காமல் ஒரு கலியாண அழைப்பையும் வாங்கியதில்லை. நமது மூத்தவர்களுக்கு இது புதிதல்ல. யுத்த காலத்தில், 1942இல் இருமுறை அரை மணி அரை மணியாக முன்னே போய், 1945இல் பழைய இடத்துக்கு வந்தது.

சூரியன் இதையெல்லாம் கணக்கில் எடுக்கவில்லை. கொழும்பைவிட மூன்று நிமிடம் முந்தியே கண்டியில் உச்சி சாய்ந்துகொண்டிருந்தது. பள்ளிவாசல் நேர அட்டையில் எண்கள் மாறினவே தவிர தொழுகை நகரவில்லை. 2006 ஏப்ரல் 15, நள்ளிரவு கழிந்து அரை மணியானபோது மறுபடி பன்னிரண்டாக்கினார்கள். அந்த அரை மணித்தியாலத்தை நாடே இரண்டு தடவை வாழ்ந்தது.

இவ்வளவும் எழுதக் காரணம் உண்டு. திகன, தெல்தெனிய என்றால் இன்று நமது மாணவர்களுக்கு 2018 மார்ச் மட்டும்தான் நினைவுக்கு வருகிறது. அதை மறக்கச் சொல்லவில்லை. ஆனால் அந்த ஊருக்கு அதற்கு முந்திய ஒரு வாழ்க்கை இருந்தது. அதை நேரில் கண்டவர்களில் இளையவர்களுக்கே இப்போது ஐம்பது வயதாகப் போகிறது, மூத்தவர்கள் ஒவ்வொருவராக மையவாடிக்குப் போய்க்கொண்டிருக்கிறார்கள். பழைய கடைத்தெருவின் வரைபடமொன்றை மாணவர்களோடு சேர்ந்து வரையத் தொடங்கியிருக்கிறோம். மஹியங்கனை வீதியின் இடப்பக்கம் ஓரளவு நிரம்பிவிட்டது. வலப்பக்கத்தில் பேக்கரிக்கு அடுத்த மூன்று கடைகள் இன்னும் வெற்றிடம். உங்கள் வீட்டு உம்மம்மா, மூத்தாப்பாவிடம் கேட்டுப் பாருங்கள். சிங்கள அயலவர்களிடமும் கேளுங்கள்.