விசை முதல் குரல் வரை: தமிழ் உள்ளீட்டு முறைகளும் எழுத்தறிவின் மாற்றமும்

தமிழ்க் கணிமையின் வரலாறு பெரும்பாலும் குறியாக்கங்களின் வரலாறாகவே எழுதப்பட்டிருக்கிறது. எந்த மாநாட்டில் எந்தத் தரம் ஏற்கப்பட்டது, எந்த எழுத்துருவை யார் வடிவமைத்தார் என்பவை விரிவாகப் பதிவாகியுள்ளன. எழுதுகிறவரின் மனத்துக்குள் நடந்தது என்ன என்ற கேள்விக்கு அந்தப் பதிவுகளில் இடம் குறைவு. ஒரு தமிழ்ச் சொல்லைத் திரைக்குக் கொண்டுவர ஒருவர் எதைத் தெரிந்திருக்க வேண்டும்? எழுத்தின் வரிவடிவத்தையா, உயிரும் மெய்யும் சேரும் முறையையா, ஆங்கில எழுத்துகளின் ஒலியையா, வாயால் சொல்லும் உச்சரிப்பை மட்டுமா? தட்டச்சுப்பொறி வந்த நாள் தொட்டு இதற்கான விடை பலமுறை மாறியிருக்கிறது. ஒவ்வொரு மாற்றமும் ‘எழுதத் தெரிந்தவர்’ என்று யாரைச் சொல்கிறோம் என்பதையும் மாற்றியது. எழுத்தை நினைவிலிருந்து வரவழைக்கும் திறன் சுருங்கி, கண்முன் நிற்பவற்றுள் சரியானதைப் பொறுக்கும் திறன் அதன் இடத்துக்கு வந்தது எப்படி என்பதை இக்கட்டுரை ஆராய்கிறது.

வடிவத்தைத் தட்டிய காலம்

உயிர் 12, மெய் 18, உயிர்மெய் 216, ஆய்தம் 1 என 247 எழுத்துகளை ஒரு தட்டச்சுப்பொறியின் விசைகளில் அடக்க முடியாது. யாழ்ப்பாணத்தில் பிறந்து மலாயாவில் வாழ்ந்த ஆர். முத்தையா தமிழ்த் தட்டச்சுப்பொறியை வடிவமைத்தபோது, எழுத்துகளை அவற்றின் உறுப்புகளாகப் பிரித்தே இச்சிக்கலைத் தீர்க்க வேண்டியிருந்தது. கொம்பு ஒரு விசை, கால் ஒரு விசை, உடல் ஒரு விசை. ‘கொ’ வேண்டுமானால் முதலில் ஒற்றைக்கொம்பு, பிறகு ‘க’, கடைசியில் கால். கை எழுதும் வரிசையும் இதுவே என்பதால், பலகையில் எழுதிப் பழகியவருக்குத் தட்டச்சு அந்நியமாகப் படவில்லை. ‘ஒ’ என்ற உயிரைத் தனியே எண்ண வேண்டிய தேவையும் எழவில்லை.

1978இல் தமிழ்நாட்டு அரசு, பெரியார் 1935 முதல் வலியுறுத்திவந்த எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்று ஆணையிட்டது. ணா, றா, னா, ணை, லை, ளை, னை முதலிய எழுத்துகளின் தனி வடிவங்கள் விலகின. இந்த மாற்றத்தால் கணினிக்குத் தேவைப்பட்ட வடிவங்களின் எண்ணிக்கை குறைந்தது. இன்றைய மாணவர் பழைய பதிப்பொன்றைத் திறக்கும்போது துதிக்கை தூக்கிய ‘லை’யைக் கண்டு தயங்குவதும் இதே மாற்றத்தின் விளைவுதான். பொறிக்கு எளிதான வடிவமே பிள்ளைகளுக்கும் ஒரே வடிவமானது.

தட்டச்சு வரிசையின் ஆயுள் நீண்டது. பயிலகங்களும் அரசுத் தொழில்நுட்பத் தேர்வுகளும் அதைத் தலைமுறை தலைமுறையாகக் கடத்தின. இலங்கைத் தமிழரிடையே பாமினி எழுத்துரு வழியாகவும் தமிழ்நாட்டு அலுவலகங்களில் வானவில் போன்ற மென்பொருள்கள் வழியாகவும் அது கணினிக்குள்ளும் குடியேறியது. பின்னால் வந்த தரங்கள் பரவத் திணறியதற்கு இந்தப் பயிற்சி மரபு ஒரு முக்கியக் காரணம் என்று கருதுகிறேன்.

ஒலிக்குத் திரும்பியது

1980கள் முதல், கனடாவிலிருந்த சீனிவாசன் உருவாக்கிய ‘ஆதமி’, மலேசியாவில் முத்து நெடுமாறன் உருவாக்கிய ‘முரசு’, சுவிட்சர்லாந்திலிருந்து கு. கல்யாணசுந்தரம் வெளியிட்ட ‘மயிலை’ எழுத்துரு ஆகியவை ஒரு புதிய எழுத்தாளர் கூட்டத்துக்குக் கதவைத் திறந்தன. இவர்களில் பலர் தட்டச்சு பயிலாதவர்கள். மேசைமேல் ஆங்கில விசைப்பலகையை வைத்திருந்த மாணவர்கள், பொறியாளர்கள், ஆய்வாளர்கள் அவர்கள். ஆங்கில விசைகளில் தமிழ் ஒலியைத் தட்டும் முறை அவர்களுக்குப் பொருந்தியது.

இம்முறையின் மீது, அது தமிழை ஆங்கிலத்தின் வழியாகச் சிந்திக்க வைக்கிறது என்ற குற்றச்சாட்டு நெடுங்காலமாக உண்டு. அக்குற்றச்சாட்டு முழுதும் சரியல்ல. அஞ்சல் போன்ற ஒலியியல் விசைப்பலகையில் ஆங்கில ‘கே’ (k) விசையைத் தட்டினால் திரையில் ‘க்’ தோன்றுகிறது. தொடர்ந்து ‘ஏ’ (a) விசையைத் தட்டினால் புள்ளி நீங்கி ‘க’ ஆகிறது. மெய்யும் உயிரும் சேர்ந்து உயிர்மெய் பிறக்கும் இலக்கணச் செயல் கண்ணெதிரே நடக்கிறது. தட்டச்சுப்பொறி மறைத்ததை இது காட்டியது. ‘ள’வுக்கும் ‘ண’வுக்கும் ‘ற’வுக்கும் மேல்தட்டு (ஷிப்ட்) விசையைச் சேர்த்து அழுத்த வேண்டும் என்பதால், எந்த லகரம், எந்த னகரம், எந்த ரகரம் என்று எழுதுகிறவர் தட்டுவதற்கு முன்பே முடிவு செய்தாக வேண்டும். எழுத்துப்பிழையின் பொறுப்பு அவரிடமே இருந்தது.

1997இல் சிங்கப்பூரில் நா. கோவிந்தசாமியின் முயற்சியால் கூடிய தமிழ்நெட் மாநாடும், 1999 பிப்ரவரியில் சென்னையில் கூடிய மாநாடும் தரப்படுத்தலை நோக்கி நகர்ந்தன. சென்னை மாநாட்டின் விளைவாக வந்ததுதான் தமிழ்99 விசைப்பலகை. உயிர்கள் இடக்கையில், மெய்கள் வலக்கையில். ‘அம்மா’ என்பதற்கு அ, ம, ம, ஆ என்று நான்கு தட்டல்கள் போதும். ஒரே மெய் இரண்டு முறை வந்தால் முதல் எழுத்துக்குப் புள்ளி தானே விழும். ‘பந்து’வுக்கு ப, ந, த, உ, மெல்லினத்தை அடுத்து அதன் இன வல்லினம் வந்தால் அங்கும் புள்ளி தானே விழும். மெய்ம்மயக்கம் பற்றி இலக்கண நூல்கள் சொல்வதை ஒரு விசைப்பலகை விரல்களுக்குப் பழக்கிவிடுகிறது. தமிழில் இதுவரை உருவான உள்ளீட்டு முறைகளில் மொழியின் ஒலியமைப்பை இவ்வளவு கூர்ந்து கவனித்தது வேறில்லை. வகுப்பறைக்கு இதைவிடப் பொருத்தமான கருவியை நான் அறியேன்.

ஆனால் வாசகர் கண்ட இணையம் வேறாக இருந்தது. ஒவ்வொரு நாளிதழும் வார இதழும் தனக்கென ஓர் எழுத்துருவை வைத்திருந்த காலம் அது. எழுத்துருவை இறக்கி நிறுவாதவருக்குப் பக்கம் முழுதும் பொருளற்ற குறிகளாகத் தெரியும். தேடலும் இயலாது. திஸ்கி, டாம், டாப் ஆகிய குறியாக்கங்கள் எழுத்துவடிவங்களையே எண்ணாக்கின. 1991இல் வெளிவந்த யூனிகோடு, இந்திய அரசின் இஸ்கி தரத்தைத் தழுவி, தமிழுக்கு 128 இடங்களை ஒதுக்கியது. அதில் அகரமேறிய ‘க’ அடிப்படை எழுத்து. ‘க்’ என்பது ‘க’வோடு புள்ளி சேர்ந்த இரண்டு குறிகள். ‘க்’ முதலில், ‘க’ அதன் பிறகு என்று பள்ளியில் படித்ததற்கு இது நேர் எதிர். ஒவ்வோர் எழுத்துக்கும் தனி எண் தரும் ‘டேஸ்16’ இதற்கு மாற்றாக முன்வைக்கப்பட்டது. 2010 ஜூனில் கோவைச் செம்மொழி மாநாட்டின்போது தமிழ்நாட்டு அரசு இரண்டையும் தரமாக ஏற்றாலும், உலகெங்கும் நிலைத்தது யூனிகோடுதான். 2003இல் தொடங்கிய தமிழ் விக்கிப்பீடியாவும் அதே காலத்தில் பெருகிய வலைப்பதிவுகளும் அந்த அடித்தளத்தில்தான் எழுந்தன.

எழுபது இடங்கள்

குறியாக்கத்தின் விளைவு பொதுமக்களைத் தொட்டது கைப்பேசியில். ஒரு குறுஞ்செய்தியின் கொள்ளளவு 140 பைட்டுகள். ஆங்கில எழுத்தில் எழுதினால் 160 குறிகள் கொள்ளும். யூனிகோடில் 70 மட்டுமே. ‘பள்ளிக்கூடம்’ என்பது பிள்ளையின் கணக்கில் ஏழு எழுத்து, கைப்பேசியின் கணக்கில் பன்னிரண்டு குறி. தமிழில் எழுதியவரின் செய்தி விரைவில் இரண்டாக உடைந்தது. கட்டணமும் அதற்கேற்ப ஏறியது. அன்றைய கைப்பேசிகள் பலவற்றில் தமிழ் தெரியவே தெரியாது. 2005 பொங்கலையொட்டிச் சிங்கப்பூரில் அறிமுகமான ‘செல்லினம்’ என்னும் கைப்பேசிச் செயலி இந்தத் தடையை உடைக்க முயன்றது. பெரும்பான்மையோரிடம் அப்போது அந்த வசதி இல்லை. அவர்கள் ஆங்கில எழுத்தில் தமிழை எழுதப் பழகினார்கள்.

இளைஞரின் மொழிப்பற்றின்மையே தங்கிலீஷ் எழுத்துக்குக் காரணம் என்று மேடைகளில் சொல்லப்படுவதை ஏற்க முடியாது. எழுபது குறி வரம்பும் எழுத்துரு இல்லாத கைப்பேசியும் அதைப் பெற்றெடுத்தன. காரணம் மறைந்த பிறகு பழக்கம் தங்கிவிட்டது. அந்த எழுத்துமுறையில் ‘என்’ (n) என்ற ஒரே ஆங்கில எழுத்து ந, ன, ண மூன்றுக்கும் நிற்கிறது. நெடிலுக்கும் குறிலுக்கும் வேறுபாடு இருந்தால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. படிப்பவர் பேச்சுத் தமிழை அறிந்திருந்தால் சூழலை வைத்துப் புரிந்துகொள்வார். மொழியை இப்போதுதான் கற்கும் புலம்பெயர்ந்த வீட்டுப் பிள்ளைக்கு அந்தத் துணை இல்லை.

இதில் இன்னொரு பெரிய மாற்றமும் அடங்கியிருக்கிறது. தமிழில் பேச்சும் எழுத்தும் இரண்டு மொழிகள் அளவுக்கு விலகி நிற்பவை. கதைகளின் உரையாடலுக்கு வெளியே பேச்சுத் தமிழை எழுதும் தேவை பொதுமக்களுக்கு அரிதாகவே இருந்தது. குறுஞ்செய்தியும் வாட்ஸ்அப்பும் வந்த பிறகு, கோடிக்கணக்கானோர் அன்றாடம் எழுதும் தமிழ் பேச்சுத் தமிழாக ஆனது. ‘வந்துவிட்டேன்’ என்பதை வந்துட்டேன், வந்திட்டேன், வந்துட்டன் என்று ஊருக்கு ஊர் எழுதுகிறார்கள். இதற்கு இலக்கணம் வகுத்தவர் யாருமில்லை, ஆனாலும் எல்லாருக்கும் புரிகிறது. பள்ளி இதைப் பிழை என்று மட்டும் கருதி ஒதுக்குவது எழுத்தறிவின் பரப்பில் நடந்த ஒரு விரிவாக்கத்தைப் பார்க்க மறுப்பதாகும். அயல்நாட்டில் தமிழ் கற்பவருக்குப் பாட்டியின் பேச்சு எழுத்தில் கிடைத்தது இந்த வழியாகத்தான்.

பட்டியலும் குரலும்

ஒலியியல் விசைப்பலகையையும், கூகுள் முதலியோர் தந்த ஒலிபெயர்ப்பு முறையையும் பலர் ஒன்றாகவே நினைக்கிறார்கள். கற்றல் நோக்கில் இரண்டுக்கும் பெரும் தூரம். முதலாவதில் ஒவ்வோர் எழுத்தையும் எழுதுபவர் தீர்மானிக்கிறார். இரண்டாவதில் முழுச் சொல்லையும் ஆங்கில எழுத்தில் தட்டியதும் பலம், பழம், பாலம் என்று ஒரு பட்டியல் வருகிறது. வேண்டியதைத் தொட்டால் முடிந்தது. மெய்யோடு உயிர் சேரும் காட்சி மறைந்துவிடுகிறது. ழகரத்தை எழுதத் தெரியாதவர் பார்த்துப் பொறுக்கத் தெரிந்திருந்தால் போதும். கையால் எழுதும் தேர்வில் அந்தப் பட்டியல் இல்லை. செயலியில் பிழையின்றி எழுதும் மாணவர் விடைத்தாளில் தடுமாறுவதற்குக் காரணம் இந்த இடைவெளியே. முன்கணிப்பு அடிக்கடி எழுதப்படும் வடிவங்களையே முன்னால் நிறுத்துவதால், பரவலான பிழைக்கு மேலும் பரவும் வாய்ப்பும் கிடைக்கிறது.

2017 ஆகஸ்டில் கூகுளின் குரல் உள்ளீட்டில் தமிழ் சேர்க்கப்பட்டது. 2016இல் தொடங்கிய மலிவுவிலைத் தரவுச் சேவையால் திறன்பேசி அதற்குள் சிற்றூர்களை எட்டியிருந்தது. எழுதப் படிக்கத் தெரியாதவர் தேடுபொறியிடம் பேசிக் கேட்கலானார். நாவில் ழகரம் வராதவர் ‘வாளைப்பளம்’ என்று சொன்னாலும், சூழலை வைத்து ‘வாழைப்பழம்’ என்று எழுதிக்கொடுக்கும் அளவுக்குக் கருவி வளர்ந்தது. பள்ளி வாசலில் நிறுத்தப்பட்டவர்களுக்கு இது பெரிய விடுதலை. அதை நான் குறைத்து மதிப்பிட மாட்டேன். ஆனால் எழுத்தைக் கற்கத் தூண்டிய தேவைகளில் ஒன்றை இது நீக்கிவிடுகிறது.

அதே நுட்பம் எதிர்த்திசையிலும் பயன்படுகிறது. கொரோனாக் கால இழப்பை ஈடுசெய்ய 2021இல் தமிழ்நாட்டு அரசு தொடங்கிய ‘இல்லம் தேடிக் கல்வி’ மையங்களில், பிள்ளைகள் உரக்கப் படிப்பதைக் கேட்டு, தவறிய சொல்லைச் சுட்டிக்காட்டும் செயலி வாசிப்புப் பயிற்சிக்குப் பயன்பட்டது. குரலை எழுத்தாக்கும் நுட்பமே இங்கு எழுத்தைக் குரலாக்கக் கற்றுக்கொடுக்கிறது. 2001இல் தொடங்கிய தமிழ் இணையப் பல்கலைக்கழகம் மழலைக் கல்விப் பாடங்களைப் படத்தோடும் ஒலியோடும் தந்தபோது, பிள்ளையால் கேட்க முடிந்தது, கருவியால் கேட்க முடியவில்லை. இன்று கருவியும் கேட்கிறது.

உள்ளீட்டுக் கருவியைத் தேர்வது கற்பித்தல் சார்ந்த முடிவு என்ற புரிதல் பாடத்திட்டத்துக்குள் வெகு தாமதமாகவே நுழைகிறது. தமிழ்நாட்டுப் பாடநூல்களில் தமிழ்க் கணிமை பற்றிய தனிப் பாடம் பதினோராம் வகுப்பில், அதுவும் கணினிப் பாடம் எடுத்தவர்களுக்கு மட்டுமே வருகிறது. உயிரும் மெய்யும் முதல் வகுப்பிலேயே வந்துவிடுகின்றன. இடைப்பட்ட பத்தாண்டுகளில் பிள்ளை வீட்டுக் கைப்பேசியில் முதலில் அகப்படும் முறையைப் பிடித்துக்கொள்கிறது. பெரும்பாலும் அது பட்டியலிலிருந்து பொறுக்கும் முறை. ‘ம் + ஆ = மா’ என்று ஆசிரியர் கரும்பலகையில் எழுதும் அதே வாரத்தில் தமிழ்99இல் ‘அம்மா’வைத் தட்டச் செய்தால், அந்தச் சமன்பாட்டைப் பிள்ளையின் விரல்களும் கற்றுக்கொள்ளும். அதற்குப் புதிய கருவி எதுவும் வாங்க வேண்டியதில்லை. பல திறன்பேசிகளின் அமைப்புகளில் அந்த விசைப்பலகை ஏற்கெனவே இருக்கிறது.