பெர்லினில் பிறந்து டப்ளினில் பாடிய அம்மையார்

1435-ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்களில், பவேரிய நாட்டு டான்யூப் ஆற்றில் ஓர் இளம்பெண் மூழ்கடித்துக் கொல்லப்பட்டாள். அவள் பெயர் ஆக்னெஸ் பெர்னவர். ஆக்ஸ்பர்க் நகரத்தில் எளிய குடியிற் பிறந்தவள். கோமகனின் மைந்தன் அவளைக் காதலித்தான் என்பதன்றி வேறு குற்றம் அவள்பால் இல்லை. குலப்பெருமைக்கு இழுக்கு நேர்ந்ததெனக் கருதிய தந்தை, மகன் இல்லாத வேளை பார்த்து அவளை ஆற்றிலே தள்ளுவித்தான். அவள் கதையை ஹெப்பல் என்னும் நாடகாசிரியர் பின்னாளில் நாடகமாக்கினார். எனவே, அப்பெயர் ஜெர்மானியர் யாவரும் அறிந்த பெயர்.

அதே பெயருடன் 1923-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் பெர்லின் நகரில் ஒரு பெண் பிறந்தாள். இவளையும் ஓர் அதிகாரம் அழிக்க முற்பட்டது. ஆயின் இவள் மூழ்கவில்லை. நாடிழந்தாள், மொழி மாறினாள், பெயரையும் சிறிது மாற்றிக்கொண்டாள். பாட்டை மட்டும் விடவில்லை. ஆக்னெஸ் பெர்னெல் என்னும் பெயரோடு அயர்லாந்தின் பாடகியாகவும் நடிகையாகவும் வாழ்ந்து, 1999-ஆம் ஆண்டு பிப்ரவரியில் டப்ளின் மாநகரில் மறைந்த அவ்வம்மையாரின் வரலாற்றையே இன்று நாம் வாசகர் முன் வைக்கின்றோம்.

'காபரே' என்ற சொல்லைக் கேட்டதும் மதுக்கிண்ணமும் அரைகுறை உடையும் நம்மில் பலர்க்கு நினைவில் எழுதல் கூடும். அச்சொல்லின் வரலாறு அவ்வளவு இழிந்ததன்று. 1881-இல் பாரிஸ் நகரில் 'கருப்புப் பூனை' என்னும் பெயரில் ஒரு விடுதி தோன்றியது. கவிஞரும் ஓவியரும் இசைவாணரும் அங்கே கூடித் தத்தம் படைப்புக்களை அரங்கேற்றினர். ஆள்வோரையும் செல்வரையும் எள்ளி நகையாடினர். இருபது ஆண்டு கழித்து, 1901-இல், அவ்வழக்கம் பெர்லினில் வேர்கொண்டது. ஜெர்மானியர் அதனைச் 'சிறுபலகை' என்று பொருள்படும் சொல்லால் அழைத்தனர். ஒரு பலகை மேடை, ஒரு பியானோ, ஒரு பாடகர், அவ்வளவே. நீண்ட சொற்பொழிவில் சொல்ல இயலாததை ஒரு பாட்டிலே சொல்லிவிட்டு இறங்கிவிடுவர். அதிகாரத்தின் முகத்துக்கு நேரே சிரிக்கும் கலை அது.

அக்கலையைப் பெர்லினில் வளர்த்தோருள் ஒருவர் ருடால்ஃப் பெர்னவர். நம் அம்மையாரின் தந்தை. யூதக் குடியினர். கார்ல் மைன்ஹார்ட் என்னும் தோழருடன் கூடிப் 'பொல்லாத பையன்கள்' என்ற பெயரில் நகைச்சுவை அரங்கொன்றை நடத்தினார். பின்னர் இருவரும் பெர்லினின் பெரிய நாடக அரங்குகள் பலவற்றின் உரிமையாளராயினர். டப்ளினிற் பிறந்த பெர்னார்டு ஷாவின் நாடகமொன்றைத் தழுவி, ஆஸ்கார் ஸ்ட்ராஸ் இசையமைத்து, 1908-இல் வியன்னாவில் அரங்கேறி உலகெங்கும் புகழ்பெற்ற 'சாக்கலேட் சிப்பாய்' என்னும் இசைநாடகத்தின் பாட்டும் உரையும் எழுதிய இருவருள் இவரும் ஒருவர். மகள் பின்னாளில் குடிபுகுந்த நகரத்தின் மைந்தன் எழுதிய கதை, அவள் பிறக்கு முன்னரே தந்தையின் மேசைமேல் இருந்தது என்பது வியப்பிற்குரிய செய்தியன்றோ?

1933-ஆம் ஆண்டு சனவரியில் ஹிட்லர் ஆட்சிப்பீடம் ஏறினான். மே மாதத்தில் மாணவர்களே நூல்களைக் கொளுத்தினர். செப்டம்பரில் பண்பாட்டு மன்றம் என்ற ஒன்று சட்டத்தால் நிறுவப்பெற்றது. அதில் உறுப்பினர் அல்லாதார் நடிக்கவோ பாடவோ எழுதவோ இயலாது. யூதர்க்கு அதில் இடமில்லை. ஒருவன் பாடுவது நன்றா தீதா என்று பார்க்கவில்லை. அவன் பாட்டன் யார் என்று பார்த்தனர். பிறப்பைக் கொண்டு மனிதனை அளப்பவர் கையில் ஆட்சி சிக்கினால் கலை என்னாகும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை. மைன்ஹார்ட் தெரேசியன்ஸ்டாட் முகாமில் அடைபட்டுத் தப்பிப் பிழைத்தார். பெர்னவர் குடும்பம் இங்கிலாந்துக்கு ஓடிற்று. 1936-இல் லண்டன் வந்து சேர்ந்தபோது ஆக்னெஸுக்கு வயது பதின்மூன்று.

லண்டனில் அகதிகள் தமக்கென ஒரு பண்பாட்டுக் கழகம் அமைத்திருந்தனர். நாடிழந்த நடிகர்கள் தம் மொழியில் நடித்துத் தம்மைத் தாமே தேற்றிக்கொண்ட இடம் அது. தந்தையின் 'சிறுபலகை' மரபை அவ்வரங்கில்தான் மகள் கைக்கொண்டாள்.

பின்னர்ப் போர் மூண்டது. அம்மையாரின் வாழ்வில் மிக விந்தையானதும், நம்மைச் சிந்திக்கச் செய்வதுமான பகுதி இங்கே தொடங்குகின்றது.

ஸெஃப்டன் டெல்மர் என்ற பத்திரிகையாளர் ஆங்கில அரசின் பொருட்டு இரகசிய வானொலி நிலையங்களை நடத்திவந்தார். அவற்றுள் ஒன்று 1943-இன் இறுதியில் தொடங்கிய 'படைவீரர் நிலையம் கலே'. அது ஜெர்மானியப் படையின் சொந்த நிலையம் போலவே பேசும். ஆயின் ஒலிபரப்பப் பெற்றதோ இங்கிலாந்திலிருந்து. ஸஸ்ஸெக்ஸ் மாவட்டத்தில் 600 கிலோவாட் வரை ஆற்றல் கொண்ட ஒலிபரப்பி அதற்குத் துணை நின்றது. நல்ல இசை, மெய்யான விளையாட்டுச் செய்தி, மெய்யான ஊர்ச்செய்தி. இவற்றினிடையே நஞ்சு போலச் சிறிதளவு பொய். ஊர்ச்செய்திகளைக் கைதிகளின் வாய்மொழியிலிருந்தும், கைப்பற்றிய கடிதங்களிலிருந்தும், ஜெர்மானியப் பத்திரிகைகளின் பிறப்பு இறப்பு அறிவிப்புக்களிலிருந்தும் திரட்டினர்.

டெல்மரின் இரகசிய வானொலியில் 'விக்கி' என்ற பெயரில் இனிக்க இனிக்கப் பேசியவள் ஆக்னெஸ். இருபது வயதுப் பெண். பெர்லின் நகரத்து உச்சரிப்பு. கடலடியில் நீர்மூழ்கிக் கப்பலில் கிடந்த வாலிபர்க்கு அவள் பிறந்தநாள் வாழ்த்துக் கூறுவாள், இசைத்தட்டு வைப்பாள், கொஞ்சுவாள். ஈராண்டாக வீடு திரும்பாத கப்பல்தலைவன் ஒருவனுக்கு இரட்டைக் குழந்தை பிறந்ததாக அவள் வாழ்த்துச் சொல்ல, அவன் மனமுடைந்து சரணடைந்தான் என்றொரு கதையும் வழங்குகின்றது. அதனைக் கதையளவிலேயே கொள்க. ஆயினும் அவ்வானொலி எவ்வகை ஆயுதத்தைக் கையாண்டது என்பதை அக்கதை நன்கு விளக்குகின்றது.

ஈண்டு ஒரு வினா எழும். அன்பைப் போலக் குரல் கொடுத்து ஒருவன் நெஞ்சை அறுப்பது அறமாகுமா? எந்நிலையில் பொய்யும் பொறுக்கத்தக்கது என்பதற்கு வள்ளுவர் வகுத்த எல்லையை வாசகர் அறிவர். மக்களை மந்தை மந்தையாகக் கொன்று குவித்த ஓர் ஆட்சியை வீழ்த்தப் பயன்பட்ட பொய்யை அவ்வெல்லைக்குட்பட்டதென்று கூறலாம். எனினும், அப்பொய் தாக்கியது ஹிட்லரையன்று. கடலடியில் வீட்டை நினைந்து கிடந்த ஒரு வாலிபனை. இரண்டும் உண்மை. இவ்விரண்டையும் ஒருங்கே நெஞ்சிற் கொண்டு பார்ப்போர்க்கே அவ்வம்மையாரின் பிற்காலப் பாட்டு விளங்கும் என்பது நம் கருத்து. வானொலியில் அவர் இனிய குரலில் பொய் கூறினார். பின்னர் அரங்கில் அரை நூற்றாண்டுக்காலம் கரகரத்த குரலில் மெய் கூறினார்.

1945-இல், போர் முடிந்த ஆண்டிலேயே, டெஸ்மண்டு லெஸ்லி என்பவரை அவர் மணந்தார். அவர் அயர்லாந்தின் மொனஹன் மாவட்டத்துக் கிளாஸ்லோ என்னும் ஊரில் கோட்டையும் நிலமும் உடைய குடும்பத்தினர், விமானப்படையில் பணியாற்றியவர், அவர் தந்தை வின்ஸ்டன் சர்ச்சிலின் அத்தை மகனாகவோ மாமன் மகனாகவோ அல்லாது, தாயுடன்பிறந்தாள் மகனாக உறவு பூண்டவர். யூத அகதிப்பெண் கோட்டைவீட்டு மருமகளானாள். மூன்று மக்கள் பிறந்தனர். ஆயின் கோட்டை அவர் அரங்கை விழுங்கவில்லை. லண்டன் மேடையில் தொடர்ந்து நடித்தார்.

அக்காலத்தில் இங்கிலாந்து அரங்குகளுக்கு அரண்மனை அதிகாரி ஒருவரே தணிக்கையாளர். ஆடையின்றிப் பெண் மேடையில் நிற்கலாம், அசையலாகாது என்பது அன்றைய விதி. அசையாதிருந்தால் சிலையாம், அசைந்தால் குற்றமாம்! ஆஸ்கார் ஒயில்டின் 'ஸலோமே' நாடகத்தில் தலைவியாக நடித்த பெர்னெல் அம்மையார் அவ்விதியை மீறி அசைந்த முதற் பெண் என்று அவர் வரலாற்றை எழுதுவோர் குறிப்பர். அந்நாடகமும் 1892-இல் அதே தணிக்கையால் தடுக்கப்பட்டதுதான். பெண்ணைச் சிலையாக வைத்துப் பார்க்க ஒப்பிய சமூகம், அவள் உயிருள்ளவள் என்பதைக் கண்டால் மட்டும் நாணுகின்றது. இவ்வேடிக்கை இங்கிலாந்துக்கு மட்டும் உரியதன்று. அத்தணிக்கை முறை 1968-இல் ஒழிந்தது.

1961-இல் பீட்டர் குக் என்ற நகைச்சுவையாளர் லண்டன் ஸோஹோவில் அங்கதக் கழகம் ஒன்றைத் திறந்தார். அங்கே அம்மையார் தம் தந்தை காலத்துப் பெர்லின் பாட்டுக்களைப் பாடினார்: பிரெக்ட்டின் வரிகள், குர்ட் வைலின் இசை. 'கொடுமையும் களிப்பும்' என்ற பொருளுடைய பெயரில் தாம் ஒருவரே நடத்தும் நிகழ்ச்சியை அமைத்தார். அதனைப் பெர்னார்டு லெவின் என்ற திறனாய்வாளர் கடுமையாகத் தாக்கி எழுதினார். 1963-இல், பி.பி.சி. தொலைக்காட்சியின் புகழ்பெற்ற அங்கத நிகழ்ச்சியில் லெவின் பேசிக்கொண்டிருந்தபோது, பார்வையாளரிடையே இருந்து எழுந்து சென்ற டெஸ்மண்டு லெஸ்லி, நாடு முழுதும் பார்த்திருக்க, அவரைக் குத்தினார்.

அந்தக் குத்து இன்றுவரை பேசப்படுகின்றது. நூல்களில் இடம்பெறுகின்றது, தொலைக்காட்சி வரலாற்றின் வேடிக்கைகளுள் ஒன்றாக மீண்டும் மீண்டும் கூறப்படுகின்றது. ஆனால் அம்மையார் அன்று என்ன பாடினார், எப்படிப் பாடினார் என்று கேட்பார் எத்தனை பேர்? இரண்டு ஆண்மக்கள் ஒரு பெண்ணின் கலையைக் குறித்துச் சண்டையிட்டனர். சண்டை நினைவில் நின்றது, கலை மறைந்தது. மனைவியின் மானத்தைக் காத்ததாக அக்கணவர் கருதியிருக்கலாம். நாம் கேட்கின்றோம்: தன் பாட்டுக்கு விடையிறுக்கும் ஆற்றல் பாடியவளுக்கு இல்லையா? தம் கலைக்காகப் பிறர் கை ஓங்க வேண்டிய நிலையில் அவ்வம்மையார் என்றும் இருந்தாரில்லை.

1960-களில் குடும்பம் கிளாஸ்லோ கோட்டைக்குக் குடிபெயர்ந்தது. 1969-இல் மணம் முறிந்தது. அன்றைய அயர்லாந்தின் நிலையை வாசகர் எண்ணிப் பார்த்தல் வேண்டும். 1937-ஆம் ஆண்டு அரசியல் சட்டம் மணமுறிவை அறவே தடுத்திருந்தது. 1995-ஆம் ஆண்டு வாக்கெடுப்பில், அதுவும் சில ஆயிரம் வாக்குகள் வேற்றுமையில், அத்தடை நீங்கிற்று. மணமான பெண் அரசுப் பணியில் நீடிக்கலாகாது என்ற விதி 1973 வரை இருந்தது. நூல்களுக்கோ 1929 முதல் தணிக்கைச் சட்டம். இத்தகைய நாட்டில், மணம் முறிந்த, வெளிநாட்டிற் பிறந்த ஒரு பெண், நாற்பது வயதைக் கடந்தபின், பரத்தையரையும் போர்க்களத்துப் பிணங்களையும் வயிறு வற்றியோரையும் பாடும் பாட்டுக்களோடு டப்ளின் மேடை ஏறினார் எனின், அத்துணிவை என்னென்பது!

டப்ளின் அவரைக் கைவிடவில்லை. 1966-இல் கலைஞர்கள் கூடித் தொடங்கிய 'ப்ராஜெக்ட்' கலையரங்கில் அவர் பாடினார், நடித்தார், அதன் நிருவாகத்திலும் பங்குகொண்டார். டப்ளின் நகரத்துக் கட்டடங்களின் வரலாற்றை எழுதிய அறிஞர் மாரிஸ் கிரெய்க் அவருடைய பிற்கால வாழ்க்கைத் துணைவர். இளைஞர்களின் முரட்டு இசைக்குழுவொன்றிலிருந்து வந்த ஃபிலிப் செவ்ரன், தம் தாய் வயதினரான இவர் பாட்டில் மயங்கி, இசைத்தட்டு வெளிவரத் துணைநின்றார். 1977-இல் பிரெக்ட் பாட்டுக்கள் கொண்ட தட்டு வந்தது. 1985-இல், ரிங்கெல்நாட்ஸ் என்ற ஜெர்மானியக் கவிஞரின் பாட்டுக்களுக்கு மைக்கேல் ட்ரெஸ் அமைத்த இசையுடன் மற்றொன்று வந்தது. அப்போது அம்மையார்க்கு அகவை அறுபத்திரண்டு. பெண்ணின் குரல் இளமையோடு முடிந்துவிடும் என்போர்க்கு அத்தட்டே விடை. 1996-இல் 'களிப்பு மாளிகை' என்று பொருள்படும் தலைப்பில் தம் வரலாற்றைத் தாமே எழுதி வெளியிட்டார்.

அவர் எந்நாட்டினர்? பிறந்தது ஜெர்மனி, தந்தை யூதர், அடைக்கலம் தந்தது இங்கிலாந்து, வாழ்ந்து மறைந்தது அயர்லாந்து. பிறந்த நாடு அவரைத் தன் மகள் அல்லள் என்றது. வந்து சேர்ந்த நாடோ, அவர் மூன்று பத்தாண்டுக்கும் மேலாக உழைத்த உழைப்பைக் கண்டு தன்னவர் என்றது. கடல் கடந்து வந்து, பிள்ளைகளைப் பெற்று, வந்த மண்ணிலேயே வேரூன்றிய நம் போன்றோர்க்கு இவ்வரலாறு அயலானதன்று. ஒருவரை ஒரு நாட்டுக்கு உரியராக்குவது தொட்டில் கிடந்த இடமா, தொண்டு செய்த இடமா என்ற வினாவுக்கு அவர் வாழ்க்கை விடை கூறுகின்றது.

டான்யூப் ஆற்றில் மூழ்கிய ஆக்னெஸைப் பற்றி நாடகம் எழுதப் பிறர் வேண்டியிருந்தது. அவள் வாயை நீர் அடைத்துவிட்டது. இந்த ஆக்னெஸோ தம் கதையைத் தாமே எழுதினார், தம் பாட்டைத் தாமே பாடினார். இரு பெண்களுக்கும் இடையே சென்ற ஐந்நூறு ஆண்டுகளில் உலகம் எவ்வளவேனும் முன்னேறியுள்ளது எனின், அம்முன்னேற்றத்தின் அளவு இதுவே என்போம்.