மூன்றாவது பெயர்: கோரியோ சாராம்

கொரியா என்று நாம் சொல்லும் மண்ணில் தம் நாட்டைத் தாய்மொழியில் கொரியா என்று யாரும் சொல்வதில்லை. தெற்கே இருப்பவர்கள் ஹன்குக் என்கிறார்கள். வடக்கே இருப்பவர்கள் ஜோசன் என்கிறார்கள். தொடர்களின் புண்ணியத்தில் முதல் சொல் நம் வீட்டுப் பிள்ளைகளுக்கும் இன்று பழக்கம்தான். ஆனால் கொரியா என்ற சொல்லுக்கு மூலமான ‘கோரியோ’வையே தம் இனப்பெயராக வைத்துக்கொண்டிருக்கும் மக்கள் அந்தத் தீபகற்பத்துக்கு வெகு தொலைவில் இருக்கிறார்கள். தாஷ்கண்டிலும் அல்மாட்டியிலும் ரஷ்யாவின் தென்பகுதி ஊர்களிலும் வாழும் அவர்களில் பெரும்பாலோர் பேசுவது ரஷ்ய மொழி. தம்மை அவர்கள் கோரியோ சாராம் என்கிறார்கள். சாராம் என்றால் ஆள், மனிதர். 1989இல் சோவியத் ஒன்றியம் கடைசியாக மக்கள்தொகை எடுத்தபோது கொரியர் என்று எண்ணப்பட்டவர்கள் ஏறத்தாழ 4,39,000 பேர். அவர்களில் மிகப் பெரும்பாலோர் இந்தப் பெயருக்குரியவர்கள். கோரியோ என்பது ஒரு பழைய அரசின் பெயர். அதனால் இது பாட்டன் பூட்டன் காலத்திலிருந்து கைமாறி வந்த பெயர் என்றுதான் யாருக்கும் தோன்றும். சொல்லின் வரலாற்றைத் தேதி வாரியாகப் பார்த்தால் வேறு கதை தெரிகிறது. மற்றப் பெயர்களை எல்லாம் ஏதோ ஓர் அரசு எடுத்துக்கொண்டுவிட்டபோது, மிஞ்சியிருந்ததைத் தேடி எடுத்துச் சூட்டிக்கொண்ட பெயர் இது என்பது என் கட்சி.

முதலில் பழைய கதையை முடித்துவிடலாம். கோரியோ அரசு 918இல் தோன்றி 1392இல் முடிந்தது. அதற்கும் முந்தைய கோகுர்யோ என்ற பெயரின் சுருக்கம்தான் அது. சீனர்கள் அதைத் தம் உச்சரிப்பில் ‘காவ்லி’ என்றார்கள், மார்க்கோ போலோவின் நூலில் அது ‘கவுலி’யாகப் பதிவானது, ஐரோப்பிய மொழிகளில் கோரியா, ரஷ்ய மொழியில் கரேயா என்று திரிந்தது. 1392இல் ஜோசன் அரசு வந்ததும் உள்நாட்டில் கோரியோ பழங்கதையாயிற்று. வெளியார் நாவில் மட்டும் அது அப்படியே தங்கிவிட்டது. ஆக, 1860களில் ரஷ்ய எல்லையைக் கடந்து குடியேறியவர்கள் ஜோசன் அரசின் குடிகள். கோரியோ மன்னர் பரம்பரை மறைந்து அப்போது 470 ஆண்டுகள் ஆகியிருந்தன. நடுவில் ஒரு எச்சரிக்கை. கொரிய மொழியில் அப்பாவுக்கு அப்பா, அம்மாவுக்கு ஒம்மா என்று கேட்டதும் நம்மில் பலருக்குக் கண் மின்னுகிறது; அடுத்த நிமிடமே இரு மொழிக்கும் உறவு கட்டிவிடுகிறோம். ஒலி ஒத்துப்போவதை வைத்து உறவு சொல்வதும், பெயர் ஒத்துப்போவதை வைத்து வம்சம் சொல்வதும் ஒரே வகைத் தவறு. சொல்லை யார், எப்போது, எதற்கு மாற்றாக எடுத்தார்கள் என்று கேட்காதவரை இரண்டுமே ஆராய்ச்சியாகாது.

1860ஆம் ஆண்டு பீக்கிங் ஒப்பந்தத்தால் ரஷ்யாவின் எல்லை தூமன் ஆற்றங்கரை வரை வந்தது. அக்கரையில் இருந்தது ஹம்கியோங் மாகாணம். மலைக்காடும் மெலிந்த நிலமும். முதலில் சில குடும்பங்கள் ஆற்றைத் தாண்டின. 1869இல் பஞ்சம் வந்ததும் ஆயிரக்கணக்கில் தாண்டினார்கள். அங்கே அவர்களுக்குள் வழங்கிய பெயர்களைக் கவனியுங்கள். ரஷ்யக் குடியுரிமையும் நிலமும் பெற்ற வீட்டார் ‘வொன்ஹோ’, அதாவது மூலக்குடி. இரண்டும் இல்லாமல் குத்தகைக்கு உழுதவர்கள் ‘யொஹோ’, மற்றக்குடி. ஊரில் நாளும் உறைத்த வேறுபாடு இதுதான். நிலம் இருப்பவன் யார், இல்லாதவன் யார் என்பதற்குப் பெயர் வேண்டியிருந்தது. இனத்துக்கு என்று தனிப்பெயர் தேட வேண்டிய அவசரம் இல்லை. பேச்சில் அவர்கள் ஜோசன் சாராம். 1911இல் விளாதிவஸ்தோக் நகர ஓரத்தில் எழுந்த குடியிருப்புக்கு வைத்த பெயர் ‘ஷின்ஹான்சோன்’, புதிய ஹான் ஊர். ஹன்குக் என்பதில் வரும் அதே ஹான். ஜோசனும் ஹானும் அருகருகே புழங்கிய காலம் அது.

1910இல் ஜப்பான் நாட்டை விழுங்கியது. அதுவரை 13 ஆண்டுகள் ‘தேஹான்’ பேரரசு என்று இருந்த நாட்டின் பெயரை மாற்றி, காலனிக்கு ஜோசன் என்ற பழம்பெயரையே சூட்டியது. ஜப்பானியர் உச்சரிப்பில் சோசென். 1919இல் ஷாங்காயில் கூடிய நாடுகடந்த அரசு தேஹானை எடுத்துக்கொண்டது. அப்படியானால் ஒரு பெயர் ஆக்கிரமிப்பாளனின் அலுவலகத் தாளில். இன்னொரு பெயர் தேசியவாதிகளின் கொடியில். 1921இல் ரஷ்யாவிலும் சீனத்திலும் இருந்த கொரியப் பொதுவுடைமையர் கட்சி தொடங்கியபோது (இரண்டு பிரிவாகவே தொடங்கினார்கள், உட்கட்சிச் சண்டை அப்போதே ஆரம்பம்) இரு பிரிவும் வைத்த பெயர் ‘கோரியோ’ பொதுவுடைமைக் கட்சி. பின்னர் விளாதிவஸ்தோக்கில் நிறுவிய ஆசிரியர் கல்லூரிக்கும் கொரிய மொழியில் இதே கோரியோதான். கோரியோ பழமையான பெயர் என்பதால் மட்டும் இவர்கள் அதை எடுத்தார்கள் என்று நான் நம்பவில்லை. ஜோசனும் பழமையானதுதான், அதைவிடவும் பழமையானது. அந்த நேரத்தில் எந்த அரசின் முத்திரையும் விழாமல் கிடந்த ஒரே பெயர் கோரியோ.

இதற்கு நேர் எதிரான ஒரு வாதம் உண்டு, அது வலுவானதும்கூட. ரஷ்யர்கள் இம்மக்களைக் ‘கரேயெத்ஸ்’ என்றார்கள். கட்சி ஆவணங்களும் கல்லூரிப் பெயர்களும் முதலில் ரஷ்ய மொழியில் உருவானவை. அதைக் கொரியத்தில் ஒலிக்குப் பக்கத்தில் இருக்கும் சொல்லால் பெயர்த்தால் கோரியோதானே வரும், இதில் தேர்வு எங்கே இருக்கிறது என்பது அந்த வாதம். ரஷ்யச் சொல்லின் பங்கை மறுக்க முடியாது. ஐந்து நூற்றாண்டு அலைந்து திரும்பிய நாணயம் போல, வெளியார் வாயில் பிழைத்திருந்த சொல் மீண்டும் சொந்தக்காரர் கைக்கு வந்திருக்கிறது என்றே சொல்லலாம். ஆனால் மொழிபெயர்ப்பே முழுக் காரணம் என்றால் 1945க்குப் பிறகு நடந்ததை விளக்க முடியாமல் போகிறது. ரஷ்ய மொழியில் கரேயெத்ஸ் மாறவே இல்லை. அடையாளச் சீட்டில் இனத்தைக் குறிக்கும் கட்டத்தில் (அதற்குப் பேச்சுவழக்கில் ‘ஐந்தாம் கட்டம்’ என்று பெயர்) அந்தச் சொல்தான் எழுதப்பட்டது. கொரியத்திலோ ஜோசன் மேலோங்கியது. காரணம் எளிது. 1948இல் தெற்கிலும் வடக்கிலுமாக இரண்டு அரசுகள் பிறந்தன. சோவியத் ஒன்றியம் ஏற்றுக்கொண்டது வடக்கை மட்டும். வடக்கின் பெயர் ஜோசன். ரஷ்யச் சொல் அப்படியே இருக்க, கொரியச் சொல் அரசியல் காற்றுக்குத் தக்கபடி சாய்ந்தது என்றால், அதைத் திருப்பியது மொழிபெயர்ப்பாளர் மட்டும் இல்லை.

இனி, பெயர் சுட்டும் பொருளுக்கு வருவோம். 1937 ஆகஸ்ட் 21இல் ஸ்தாலினும் மோலொதோவும் கையெழுத்திட்ட ஆணை, தூரக் கிழக்கின் எல்லைப்புறத்திலிருந்து கொரியர் அனைவரையும் அப்புறப்படுத்தச் சொன்னது. ஜப்பானிய உளவு ஊடுருவுவதைத் தடுக்கவாம். ஜப்பானிடமிருந்து தப்பி ஓடி வந்த மக்களை ஜப்பானின் ஒற்றர்கள் என்றது அரசு. அக்டோபர் இறுதிக்குள் வேலை முடிந்தது: 124 ரயில்கள், 36,442 குடும்பங்கள், 1,71,781 பேர். கஜகஸ்தானில் 95,256, உஸ்பெகிஸ்தானில் 76,525. கஜகஸ்தானின் உஷ்தோபே நிலையத்தில் இறக்கிவிடப்பட்டவர்கள் அந்தக் குளிரைப் பாஸ்தோபே குன்றருகே மண்ணைத் தோண்டிய குழி வீடுகளில் கழித்தார்கள். அடுத்த ஆண்டே கொரியப் பள்ளிகள் ரஷ்ய மொழிக்கு மாற்றப்பட்டன. செய்தித்தாள் ஒன்று மட்டும் 1938இல் கிசிலோர்தாவில் ‘லெனின் கிச்சி’ (லெனின் கொடி) என்று மறுபிறவி எடுத்தது. 1932இல் விளாதிவஸ்தோக்கில் தொடங்கிய நாடகக் குழுவும் உடன் வந்து பிழைத்தது. இப்படி வேரோடு பெயர்த்து நட்ட கூட்டத்தின் பேச்சும் சாப்பாடும் பெயர்களும் தீபகற்பத்தோடு தொடர்பில்லாமல் தம் போக்கில் வளர்ந்தன. நூடுல்ஸ் தெற்கே ‘குக்சு’. இவர்களுக்கு ஹம்கியோங் வழக்கில் ‘குக்சி’. கிம்ச்சி இவர்களிடம் ‘சிம்ச்சி’. தாஷ்கண்ட் சந்தையில் குவித்து வைத்து விற்கும் ‘மர்கோவ்சா’வைப் பாருங்கள்: கேரட்டை நீளமாகத் துருவி, உப்பும் வினிகரும் போட்டு, பூண்டு, மிளகாய், கொத்தமல்லி விதை சேர்த்து, மேலே காய்ந்த எண்ணெயை ஊற்றுவார்கள். பெயரின் முதல் பாதி கேரட்டுக்கான ரஷ்யச் சொல். பின்பாதி சீவிய காய்க்கான கொரியச் சொல்லின் திரிபு. ரஷ்யர்கள் அதைக் கொரியக் கேரட் என்று விரும்பிச் சாப்பிடுகிறார்கள். சோல் நகர வீட்டுச் சமையலில் அது கிடையாது. குடும்பப் பெயர்களிலும் இதே கதைதான். ஹோ, நோ, யூ என்ற சிறு பெயர்கள் ஆவணத்தில் ஹெகாய், நோகாய், யூகாய் ஆயின. ‘நீ எந்தக் குடும்பம்’ என்று கேட்டால் பெயரோடு ‘கா’ என்ற குடும்ப விகுதியும் எழுவாய் உருபான ‘இ’யும் சேர்த்துச் சொல்வது கொரிய வழக்கம். குமாஸ்தா காதில் விழுந்ததை முழுதாக எழுதிக்கொண்டார். சோவியத் இளைஞர்கள் கொண்டாடிய ராக் பாடகர் விக்டர் த்சோயின் பெயரில் இருப்பது தெற்கே சொய் என்று வழங்கும் அதே குடிப்பெயர்.

1980களின் இறுதியில் இந்த மக்களுக்குத் தமக்கென்று ஒரு பெயர் வேண்டியதாயிற்று. 1988 சோல் ஒலிம்பிக்கில் சோவியத் அணி கலந்துகொண்டது. 1990இல் மாஸ்கோவும் சோலும் தூதரக உறவு கொண்டன. அதுவரை தொலைக்காட்சியில்கூடப் பார்க்காத பணக்காரத் தெற்கு வாசலில் வந்து நின்றது. ஜோசன் சாராம் என்றால் வடக்கின் ஆள். ஹன்குக் சாராம் என்றால் தெற்கின் ஆள். தாம் இரண்டும் இல்லை. தம் முன்னோர் புறப்பட்டபோது இந்த இரண்டு அரசுகளும் பிறக்கவே இல்லை. ‘லெனின் கிச்சி’ 1991இல் ‘கோரியோ இல்போ’ ஆனது. தம் பேச்சை ஏற்கெனவே ‘கோரியோ மார்’ என்றுதான் சொல்லி வந்தார்கள். ஆட்களுக்கான பெயரும் அதோடு வந்து சேர்ந்தது. அந்தப் பெயரின் வசதியை அவர்கள் மட்டும் உணரவில்லை. 1980இல் கிம் இல் சுங் இரு நாடுகளையும் இணைக்க முன்மொழிந்த கூட்டரசின் பெயரும் கோரியோதான். 1991இல் சிபாவில் நடந்த உலக மேசைப்பந்துப் போட்டிக்கு இரு தரப்பும் ஒரே அணியாகப் போனபோது, தம் இரு பெயர்களையும் விட்டுவிட்டு ‘கொரியா’ என்றே போட்டுக்கொண்டன. யாருக்கும் சொந்தமில்லாத பெயர் வேண்டிய இடத்திலெல்லாம் இந்தச் சொல் முளைத்திருக்கிறது.

பக்கத்து நாடுகளை ஒப்பிட்டால் இது இன்னும் தெளிவாகும். சீனத்தில் வாழும் கொரியர்களுக்கு அங்கே ஜோசன் இனம் என்றே அரசுப் பெயர். 1952இல் அமைந்த யன்பியன் தன்னாட்சிப் பகுதி அவர்களுடையது. ஜப்பானில் 1947இல் அயலார் பதிவேட்டில் எல்லாரையும் சோசென் என்று எழுதினார்கள். பிறகு தெற்கின் குடியுரிமையை ஏற்றவர்கள் ஹன்குக் ஆனார்கள். ஏற்காமல் பழைய பதிவிலேயே நின்றவர்களை வடக்கின் ஆட்கள் என்று பலர் எண்ணிக்கொண்டார்கள், அவர்களில் பலர் எந்தப் பக்கமும் சாராதவர்களாக இருந்தும். நடுநிலைக்கு ஒரு சொல் இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதை அந்தப் பதிவேடு காட்டுகிறது.

சொல்லின் எல்லை சரியாக எங்கே முடிகிறது என்பதிலும் சான்று இருக்கிறது. சகாலின் தீவில் பல்லாயிரம் கொரியர்கள் இருந்தார்கள். ஜப்பான் தன் சுரங்கங்களுக்கும் காடுகளுக்கும் கொண்டு போனவர்கள். பெரும்பாலோர் தென் மாகாணத்தார். 1945இல் தீவு சோவியத் கைக்கு வந்தபோது அங்கேயே சிக்கிக்கொண்டவர்கள். அடையாளச் சீட்டில் அவர்களுக்கும் கரேயெத்ஸ் என்றே எழுதியிருந்தார்கள். ஆனால் அவர்கள் தம்மைக் கோரியோ சாராம் என்று பொதுவாகச் சொல்லிக்கொள்வதில்லை. வம்சமே பெயரைத் தருவதானால் கோரியோ அரசின் மண்ணிலிருந்து வந்த இவர்களுக்கும் அது பொருந்த வேண்டும். ரஷ்யச் சொல்லின் மொழிபெயர்ப்பே பெயரென்றாலும் பொருந்த வேண்டும். பொருந்தாததற்குக் காரணம், அவர்கள் 1937இன் ரயில்களில் ஏறவில்லை.

தெற்கின் சட்டம் இந்தப் பெயரை நடத்திய விதம் தனிக்கதை. 1999இல் வெளிநாட்டுக் கொரியருக்கான சட்டம் வந்தபோது, 1948க்கு முன் நாட்டைவிட்டுப் போனவர்களின் வாரிசுகள் அதில் இடம்பெறவில்லை. அரசு பிறப்பதற்கு முன் போனவர்கள் அந்த அரசின் பிரஜையாக ஒருநாளும் இருந்ததில்லை என்பது நியாயம். 2001இல் அரசியலமைப்பு நீதிமன்றம் அது அரசியலமைப்புக்குப் பொருந்தாது என்றது, 2004இல் திருத்தினார்கள், நான்காம் தலைமுறைக்கு வழி கிடைக்க 2019 ஆனது. இடையில் 2010இல் இம்மக்களுக்கு உதவவே தனிச் சட்டம் இயற்றினார்கள். அதில் அவர்கள் பெயர் ‘கோரியோயின்’. நாட்டுச் சொல்லான சாராமை எடுத்துவிட்டு, மனிதர் என்ற பொருளுள்ள சீனவழிச் சொல் ‘இன்’னைச் சட்டத்தின் வாடையோடு ஒட்டியிருக்கிறார்கள். இன்று குவாங்ஜுவிலும் ஆன்சானிலும் ரஷ்ய எழுத்தில் பலகை தொங்கும் தெருக்களில் கோரியோயின் என்றால், உஸ்பெகிஸ்தானிலிருந்தும் கஜகஸ்தானிலிருந்தும் தொழிற்சாலை வேலைக்கு வந்து, கொரியம் சரியாகப் பேசத் தெரியாமல் திண்டாடுபவர் என்று பொருளாகிவிட்டது. எந்த அரசின் கையும் படாத சொல் என்று தேர்ந்துகொண்டதை ஓர் அரசு தன் சட்டப் புத்தகத்தில் எழுதிக்கொண்டுவிட்டது. அல்மாட்டியில் இருப்பவர்கள் இன்னும் சாராமையே சொல்கிறார்கள்.